வீட்டாரைக் கேட்காத கழகம்

அவைக்கு அழகு சேர்த்து அமர்ந்திருக்கும் தலைவர் அவர்களே, இந்த நூலகத்துத் தூசியையும் எங்களையும் ஒரே பொறுமையோடு தாங்கிக்கொள்ளும் நூலகர் அம்மையார் அவர்களே, என் கிறுக்கலையெல்லாம் நம்பி அச்சேற்றும் பதிப்பாளர் அண்ணன் அவர்களே, முழங்கால் வலியைப் பொருட்படுத்தாமல் முன்வரிசைக்கு வந்திருக்கும் பெரியோர்களே, "பிள்ளைங்க தூங்க மாட்டேங்குது, இப்படியா எழுதுவீங்க" என்று என்னைத் தெருவில் நிறுத்திக் கேட்டிருக்கும் தாய்மார்களே, பின்சுவரில் சாய்ந்து நிற்கும் நிழலாய்வுக் கழகத்துத் தோழர்களே, உங்கள் அனைவருக்கும் தலைதாழ்ந்த வணக்கம்.

தலைதாழ்ந்த என்றது மேடை மரியாதைக்காக அல்ல. நிமிர்த்த முடியவில்லை, அதனால் சொன்னேன்.

ஐம்பதாவது நாவல் வெளிவந்ததென்று பாராட்ட அழைத்தீர்கள். தலைவர் என்னை அச்சத்தின் அரசன் என்றார், திகிலின் திலகம் என்றார், நடுங்கவைக்கும் நாவலன் என்றார். ஒவ்வொரு பட்டத்துக்கும் நீங்கள் கைதட்டத் தட்ட, எனக்கு இந்த நாற்காலியில் முள் முளைத்தது. பாராட்டுக்கு நன்றி சொல்ல எழுதிவைத்த உரை சட்டைப்பையில் இருக்கிறது. அதை எடுக்கப்போவதில்லை.

என் புத்தகங்களைத் தொடாத புண்ணியவான்களுக்கு ஒரு வார்த்தை. அவற்றில் ஒரு ரகசியச் சங்கம் வரும். பெயர் நிழலாய்வுக் கழகம். எந்த வீட்டில் பேய் என்று பேச்சு எழுந்தாலும் அதன் ஐந்து உறுப்பினர்களும் ஒளிந்து நிற்பார்கள், ஓசையைக் குறிப்பார்கள், உண்மையைத் துப்புத் துலக்குவார்கள். அவர்களுக்கு ஒரே விதிதான். "வீட்டாரைக் கேட்காதே. மனிதர்கள் மறைப்பார்கள், சுவர்கள் மறைக்கமாட்டா."

ஐயா, கைதட்டாதீர்கள். கெஞ்சிக் கேட்கிறேன், இதற்கு மட்டும் தட்டாதீர்கள். அந்த விதி எதில் பிறந்தது? ஞானத்தில் பிறந்ததா? ஆராய்ச்சியில் பிறந்ததா? சோம்பலில் பிறந்தது! முதல் நாவலின் ஒன்பதாம் பக்கத்தில் என் கதாநாயகன் ஒரு வீட்டு வாசலில் நிற்கிறான். "மேல என்னங்க சத்தம்?" என்று அவன் ஒரு வார்த்தை கேட்டால் பத்தாம் பக்கத்தில் கதை முடிந்துவிடும். திங்கட்கிழமை நான் நூற்றைம்பது பக்கம் கொடுத்தாக வேண்டும். அதனால் அவன் வாயைக் கட்ட ஒரு விதியைப் போட்டேன். பதிப்பாளர் அண்ணன் சிரிக்கிறார். சிரித்துக்கொள்ளுங்கள் அண்ணே, நானும் பல வருடம் சிரித்தவன்தான்.

கதையில் இருந்த கழகம் ஒருநாள் தெருவில் இறங்கியது. வாசகர்கள் ஏழு பேர் அதே பெயரில் ஒன்றைத் தொடங்கினார்கள். குடிநீர் அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருப்பவர், நீங்களெல்லாம் டார்ச் அண்ணன் என்று அழைப்பவர், அதற்குத் தலைமை. பேருந்துப் பணிமனைக்குப் பின்தெருவில் அவர்களுக்கு ஒரு வீடு சிக்கியது. கீழே தையல் கடை. மாடியில் எப்போதும் சாத்தியிருக்கும் ஒரு பச்சை ஜன்னல். அதற்குள்ளிருந்து பட்டப்பகலில், மும்மூன்றாக, இரும்பில் எதையோ தட்டும் ஓசை.

எதிர்த் தேநீர்க் கடையில் நாற்பது நாள் உட்கார்ந்து, தட்டலை ஒன்றுவிடாமல் நோட்டில் குறித்தார்கள். தெருவைக் கடந்து கீழே தைத்துக்கொண்டிருந்த அம்மாவை ஒருவராவது கேட்டார்களா? கேட்கவில்லை. விதி இருக்கிறதே! நோட்டை என்னிடம் கொண்டுவந்தார்கள். அந்த வீடு என் வீட்டுக்கு இரண்டு தெரு தள்ளி. நான் நடந்துபோய்க் கேட்டேனா? கேட்கவில்லை. ஜன்னலின் பச்சை, உடைந்து தொங்கும் தகரக் குழாய், "அவசரத் தையல் கிடையாது" என்ற கடைப் பலகை, எல்லாவற்றையும் அப்படியே தூக்கி நாற்பத்தொன்பதாவது நாவலில் வைத்தேன். நான்கு பதிப்பு ஓடியது. இதே மேடையில் அதற்கும் எனக்குக் கைதட்டினீர்கள்.

பலகையை வைத்து ஊர் அந்த வீட்டைக் கண்டுபிடித்துவிட்டது. வாசலில் கூட்டம் நின்றது. ஜன்னலில் கல் விழுந்தது. தைக்கக் கொடுத்தவர்கள் துணியை வெட்டுவதற்கு முன்பே திருப்பி வாங்கிப்போனார்கள்.

மூன்று வாரத்துக்கு முன்னால் அந்தத் தையல்கார அம்மா என் வீட்டுக்கு வந்தார். அழவில்லை, சாபம் விடவில்லை. என் நாவலை மேசைமேல் வைத்துப் பிரித்தார். துணியில் கோடு போடும் சாக்குக்கட்டியால் ஓர் இடத்தில் அடையாளமிட்டிருந்தார்.

"சார், இதுல தட்டுறது என் வீட்டுக்காரர்" என்றார்.

மூன்று வருடத்துக்கு முன்பு பக்கவாதம் வந்து படுத்த மனிதராம். பேச்சு வராது, வலது கை மட்டும் அசையும். மாடியில் தண்ணீர் வேண்டுமென்றால், திரும்பிப் படுக்க வேண்டுமென்றால், கரண்டியால் கட்டில் காலில் மூன்று தட்டு தட்டுவார். தையல் எந்திரச் சத்தத்தை மீறி அது கேட்கும். அவருக்கு மிஞ்சியிருந்த மொழி அது ஒன்றுதான் ஐயா!

நான் என்ன சொன்னேன் தெரியுமா? மன்னிப்பா கேட்டேன்? "எல்லாம் கற்பனைதாம்மா, முதல் பக்கத்துலயே போட்டிருக்கேனே" என்றேன். மானங்கெட்ட இந்த வாய்தான் சொன்னது.

"கற்பனைன்னா என் ஜன்னல் எதுக்கு சார்?" என்று கேட்டார். 

பிறகு சொன்னார். கீழே ஆட்கள் காதைத் தீட்டிக்கொண்டு நிற்பது மாடியில் படுத்திருந்த கணவருக்குத் தெரிந்துபோயிற்று. கரண்டியைத் தொடுவதை விட்டுவிட்டார். ஒருநாள் மதியம் வந்த இரண்டு துணிக்காக இந்த அம்மா கீழேயே இருந்துவிட்டு, சாயங்காலம் மேலே போயிருக்கிறார். உதடு வெடித்து, நனைந்த படுக்கையிலேயே, கூப்பிடாமல் கிடந்திருக்கிறார் மனிதர். தாய்மார்களே, பேயைக் கண்டு மனிதன் பயப்படுவதாகத்தான் எழுதிவந்தேன். தண்ணீர் கேட்டால் தன்னைப் பேய் என்பார்களோ என்று ஒரு மனிதனைப் பயப்படவைத்தவன் நான்.

அந்த அம்மா என்னிடம் கேட்டது ஒன்றுதான். "நான் சொன்னா சமாதானத்துக்குச் சொல்றேன்னு நினைக்கிறார். எழுதினவரே வந்து, தப்பு என்மேலதான், நீங்க கூப்பிடுங்கன்னு சொன்னா நம்புவார். வருவீங்களா?"

வருகிறேன் என்றேன். போனேனா? முதல் முறை தெருமுனைவரை போய்த் திரும்பினேன். இரண்டாம் முறை அந்த வாசல்வரை போனேன். அங்கே நின்றிருந்த வாசகர் ஒருவர் ஓடிவந்து, "சார், இந்த வீட்டு முன்னாடியே ஒரு கையெழுத்துப் போட்டுக் குடுங்க" என்றார். போட்டேன்! அந்தப் பச்சை ஜன்னலுக்கு நேர்க்கீழே நின்று, தேதியும் எழுதி, "அன்புடன்" என்றும் எழுதிக் கொடுத்தேன். தூ! பிறகு எந்த முகத்தோடு படியேறுவது? வீட்டுக்கு ஓடிவந்துவிட்டேன்.

என்ன டார்ச் அண்ணே, தலையைக் குனிந்துகொள்கிறீர்கள்? நீங்கள் என் விதியை நம்பினீர்கள். நம்பவைத்தவன் நான். உங்களுக்கொரு வேலை தருகிறேன். அந்தத் தேநீர்க் கடையில் நாளைமுதல் உட்காருங்கள். வேடிக்கை பார்க்க வருகிறவர்களைத் திருப்பி அனுப்புங்கள். கழகத்தை இன்றோடு கலைத்துவிடுங்கள். பதிப்பாளர் அண்ணே, அந்த நாவலை இனி அச்சிட வேண்டாம். வெளியே மேசையில் அடுக்கியிருக்கும் பிரதிகளையும் எடுத்துவிடுங்கள். முறைக்காதீர்கள், நான் கேட்பது உங்களுக்குக் கஷ்டம் என்று தெரியும்.

"அதான் மேடையிலேயே ஒத்துக்கிட்டீங்களே, விடுங்க சார்" என்று யாரோ சொல்கிறீர்கள். இல்லை ஐயா. இருநூறு பேர் முன்னால் மைக்கைப் பிடித்துக்கொண்டு அழுவது எனக்குச் சுலபம். அதற்கும் யாராவது கைதட்டுவார்கள். படுத்திருக்கும் ஒருவர் முன்னால், மைக் இல்லாமல், என் பக்கம் நியாயமே இல்லாமல் நிற்பதுதான் கஷ்டம். இன்றும் இந்த மேடையைச் சாக்காக வைத்துத் தப்பித்துக்கொள்வேனோ என்று பயமாக இருக்கிறது.

ஆகவே நீங்கள் தந்த விருதை மேசைமேலேயே வைத்துவிட்டு அந்த வீட்டுக்குப் போகிறேன். தலைவர் மன்னிக்க வேண்டும். இன்னும் வெளிச்சம் இருக்கிறது, இங்கிருந்தும் இரண்டு தெருதான். யாரும் என்னோடு வராதீர்கள். அந்த வாசலில் ஏற்கெனவே வேண்டிய மட்டும் கூட்டம் நின்றாகிவிட்டது. இவ்வளவு நேரம் பொறுமையாகக் கேட்ட பெரியோர்க்கும் தாய்மார்க்கும் நன்றி. உங்களையெல்லாம் கும்பிட்டு இறங்குகிறேன். அவர் என்னைப் பார்க்கமாட்டேன் என்று முகத்தைத் திருப்பிக்கொண்டால், நாளைக்கும் போவேன்.