கைதட்ட ஒரு ஆள்

“உங்க வீட்ல பாடுறதுக்கு, கான்வென்ட்ல போயி மறுபடியும் பரீட்சையே எழுதலாம்!” அப்படீன்னுட்டா, வாராவாரம் எங்க வீட்டுக்குப் பாட வர்ற தமயந்தி. என் ஹால்ல நின்னுக்கிட்டு, என் மைக்கக் கையில வச்சுக்கிட்டு, என்கிட்டயே! கேட்டீங்களா பங்கஜம்? நீங்க பாட்டுக்குத் துணி காயப்போடுங்க, காது சும்மாதானே இருக்கு... ஐயோ, சட்டைய தோள்ல கிளிப் போடாதீங்க, தலைகீழாப் போடணும்!

நீங்க போன வாரம்தான் பக்கத்து வீட்டுக்கு வந்தீங்க, தெரிஞ்சிருக்காது. நம்ம மவுண்ட் ரோஸ்கில் ஏரியாவுல, தமிழாளுங்கள்ல முதல் கரோக்கே செட்டு என்னோடதுதான். கோலாலம்பூர்லேர்ந்து எங்க வீட்டுக்காரரு கட்டித் தூக்கிட்டு வந்தாரு. சனிக்கிழமையானா வாசல்ல கார் நிறுத்த இடமிருக்காது. போண்டா நான், டீ நான்... சரி, விடுங்க.

எங்க வீட்ல தங்கி இங்கிலீஷ் படிக்குதே, ஜப்பான் பொண்ணு யூமிக்கோ, அதுதான் சட்டம் சொல்லுச்சு. அவங்க ஊர்ல குயிலாப் பாடுனாலும் கைதட்டணுமாம், கழுதையாக் கத்துனாலும் கைதட்டணுமாம். யாரும் யாரையும் திருத்தக்கூடாதாம். அப்புறம் எதுக்குலா அதுக்குப் பாட்டுன்னு பேரு? எங்க கான்வென்ட் சிஸ்டர், சுருதி தப்புனா ஸ்கேலால முட்டியிலயே போடுவாங்க!

அன்னிக்குத் திரையில பாட்டோட எழுத்து நிறம் மாறுறதுக்குள்ள தமயந்தி அடுத்த வரிக்கு ஓடிட்டா, பஸ்ஸப் பிடிக்கிற மாதிரி. நான் என்ன பண்ணேன்? ஒண்ணுமே பண்ணல. இன்னொரு மைக்க எடுத்து, கூடவே பாடி வழிகாட்டுனேன். அவ மைக்க மட்டும் கொஞ்சம் குறைச்சேன். கொஞ்சம்னா... சரி, முழுசாத்தான். கூடப் பாட வர்ற குலசிங்கம் அண்ணனுக்கும் அதேதான் செஞ்சேன், அவரு இன்னிவரைக்கும் கவனிக்கல. “நல்லாப் பாடுனேன்ல?”ன்னு கேட்டுட்டுப் போனாரு!

பெட்ஷீட்ட யாராவது மடிச்சாப் போடுவாங்க? விரிச்சுப் போடுங்க... ஆங், அப்படி.

இப்ப தமயந்தி, பக்கத்து ஏரியா ஒனிஹங்காவுல புது செட்டு வாங்கிட்டா. எல்லாரும் அங்கதான். இன்னிக்கு யூமிக்கோவும் பவுடர் போட்டுக்கிட்டு, கைதட்டப் போறேன்னு கிளம்பிடுச்சு. எங்க வீட்டுக்காரரப் பாட்டுக் கேக்கக் கூப்பிட்டா, புல்லு வெட்டணுங்கிறாரு. நேத்துதான் வெட்டினாரு!

காலையில தனியாப் பாடிப் பாத்தேன் பங்கஜம். சுத்தமான சுருதி. முடிஞ்சதும்... ஹாலு அப்படியே கிடந்துச்சு.

கொஞ்சம் உள்ள வாங்களேன். நீங்க பாடவேணாம். பாடுனாலும் சத்தியமா வாயத் திறக்கமாட்டேன். சும்மா உக்காந்து கைதட்டுங்க, அது போதும். போண்டா சூடா இருக்கு...

பங்கஜம்? அந்தப் பெட்ஷீட்டுக்குப் பின்னாலதானே நிக்கிறீங்க?