நாற்பது லட்சம் சிரிப்பு

— அப்ப அந்தச் சிரிப்பு வீடியோ பேஜ நடத்தறது நீங்க ஒருத்தர்தானுங்களா?

— நான் ஒருத்தந்தானுங்க. திருச்செங்கோட்டுல பகல்பூரா போர் போடற ரிக் வண்டி ஸ்பேர்பார்ட்ஸ் கடையில நிக்கறது பொழப்புக்கு. இது நம்ம சந்தோசத்துக்கு. பாத்தீங்கன்னா, மூணு லட்சம் பேரு ஃபாலோ பண்றாங்க. தரகரு சொல்லலீங்களா?

— சொன்னாருங்க. அதனாலதான் பொண்ணு பாக்க வரச் சொல்லி ஒத்துக்கிட்டேன்.

— அட, அம்மிணி நம்ம ரசிகையா?

— அம்மிணியெல்லாம் வேண்டாமுங்க. அகல்யான்னே கூப்புடுங்க.

— சரிங்க, அகல்யா. எம்பேரு கௌசிக்னு ஜாதகத்துலயே பாத்திருப்பீங்க.

— பாத்தனுங்க. நம்மளத் தனியாப் பேச உட்டிருக்கறது பத்து நிமிசம். அதுல ஒன்னு கேக்கணும்.

— கேளுங்க. தண்ணி கிண்ணி போடறனான்னா? சத்தியமா இல்லீங்க.

— 'எந்திரி சாமி' வீடியோ நீங்க போட்டதுதானுங்களே?

— பாத்திருக்கீங்களா? நம்ம பேஜையே தூக்கி நிறுத்துனது அதுதானுங்க. நாப்பது லட்சம் பேரு பாத்தாங்க.

— எப்படிச் செஞ்சீங்கன்னு சொல்லுங்க.

— பெருசா ஒன்னுமில்லீங்க. யாரோ ஒரு வீடியோ அனுப்பியிருந்தாங்க. சூறக்காத்துல வாழத்தோட்டம் மொத்தமும் படுத்துக் கெடக்குது. ஒரு பெரியவரு, தலையில துண்டு, மூஞ்சி பூரா சேறு. சாஞ்ச வாழைய மடியில தூக்கி வெச்சுட்டு, 'எந்திரி சாமி, எந்திரிச்சு நில்லு சாமி'ன்னு கொழந்தைகிட்டக் கெஞ்சற மாதிரி கெஞ்சறாரு. நான் பாத்தீங்கன்னா, வாழைய வெட்டிப்போட்டு, காலேஜுக்குப் போகாம போத்திட்டுத் தூங்கற பையன அந்த எடத்துல ஒட்ட வெச்சேன். பின்னால அலாரம் சத்தம். அவ்வளவுதானுங்க. இன்னைக்கு ஹாஸ்டல்ல, தறிக்குடோன்ல எல்லாம் காலையில ஆள எழுப்பறதுக்கு அதுதான் ஓடுது.

— அவரு அழுகறது உங்களுக்குத் தெரியலீங்களா?

— அந்தச் சத்தத்தக் கொறச்சுட்டனுங்க. அழுக கேட்டா சனம் சிரிக்காது.

— அழுகையக் கொறச்சுட்டீங்க.

— ஏனுங்க, மூஞ்சி சுண்டிப் போச்சு? ஜாலிக்குத்தானுங்க. பன்னண்டு மணி நேரம் தறிச்சத்தத்துல நின்னுட்டு வர்றவன் அரை நிமிசம் சிரிச்சுட்டுப் படுக்கறான். ரிக்குல ராஜஸ்தான் போன பையன் ஒருத்தன் எழுதியிருந்தான், வேலைய உட்டுட்டு ஓடிறலாம்னு இருந்தேண்ணா, உங்க வீடியோ பாத்துச் சிரிச்சுட்டு இருந்துட்டேன்னு. அது புண்ணியமில்லீங்களா?

— புண்ணியந்தானுங்க. நானும் உங்க பேஜப் பாத்துச் சிரிச்சவதான். பஸ் படியில வழுக்கி உளுந்த ஒரு கண்டக்டரப் போட்டிருந்தீங்க. பத்து தடவ பாத்தேன். அந்தாளுக்கும் ஒரு ஊடு இருக்கும், ஊட்டுல ஆளுக இருப்பாங்கன்னு ஒரு தடவகூட எனக்குத் தோணல. சிரிக்கறப்ப அது தோணாது போல.

— அட, அதையெல்லாம் அவ்வளவு ஆழமா யோசிச்சா ஒரு வீடியோவும் போட முடியாதுங்க.

— தம்பீ, கௌசிக்கு. பேசுனது போதும், கேசரி ஆறுது. எந்திரி சாமி, எந்திரிச்சு வெளிய வா சாமி.

— எங்கக்கா வசந்தாமணிங்க. வாய் கொஞ்சம் நீளம். வாரேங்க்கா, ரெண்டு நிமிசம்.

— கேட்டீங்களா?

— என்னதுங்க?

— ஹால்ல பேச்சு நின்னு போச்சு. இப்ப ஒரு சேரு நகரும். நகந்துருச்சு, கேட்டீங்களா? அப்பா எந்திரிச்சுப் பின்வாசல் வழியாத் தோட்டத்துக்குப் போறாரு.

— மாமாவுக்கு ஒடம்புக்கு ஏதாச்சுமுங்களா?

— அந்த வீடியோவுல இருக்கறது அவருதானுங்க. எங்கப்பா தங்கசாமி.

— விளையாடறீங்களா? வந்தவுடனே அவரத்தான கும்புட்டேன். அவரு தாடியும் கீடியுமா, ஆளு பாதியா...

— தாடி அதுக்கப்பறம் வெச்சதுங்க, யாருக்கும் அடையாளம் தெரியக் கூடாதுன்னு. காத்துல தப்புன நாலு வாழத்தார ஏத்திக்கிட்டு, பக்கத்துல வேலூர்ச் சந்தை ஏலத்துக்குப் போனாரு. பசங்க வரிசையா நின்னு 'எந்திரி சாமி'ன்னாங்க. அப்பாவும் சிரிச்சாராமா. ஊட்டுக்கு வந்து வண்டிய உட்டு எறங்காம அப்படியே உக்காந்திருந்தாரு. ரெண்டு வருசமா ஏலத்துக்கு அம்மாதான் போறாங்க.

— எனக்குத் தெரியாதுங்க. சத்தியமாத் தெரியாது.

— எங்களையெல்லாம் சாமி, சாமின்னு கூப்புட்ட மனுசனுங்க. இப்ப அந்த வார்த்தையே வாயில வாரதில்ல. காலையில எழுப்பறதுன்னா கட்டலத் தட்டிட்டுப் போயிருவாரு.

— நான் இப்பவே போயி அவரு காலுல உளுந்தர்றனுங்க.

— வேண்டாமுங்க. அதையும் எவனாச்சும் சன்னல்ல நின்னு எடுப்பான்.

— அப்ப வீடியோவையாச்சும் எடுத்தர்றேன். இந்தா, உங்க முன்னாலயே.

— நீங்க எடுத்தா மட்டும்? எத்தன பேரு போன்ல கெடக்குதுன்னு உங்களுக்கே தெரியாது. நான் கேக்க வந்தது அதில்லீங்க. அத உங்களுக்கு அனுப்புன மெசேஜ் இன்னும் இருக்குதா?

— இருக்குமுங்க. நான் எதையும் அழிக்கறதில்ல.

— யாரு அனுப்புனதுன்னு பாத்தீங்களா?

— ஒரு நாளைக்கு எரநூறு வருமுங்க. வீடியோவ மட்டும் எறக்கிக்குவேன். கூட எழுதறத எவன் படிக்கறான்?

— அப்ப அத அழிச்சிருங்க. இப்பவே.

— அழிக்கறதா? அது இருந்தாத்தானுங்க எடுத்தவன் யாருன்னு புடிக்க முடியும். மாமாவுக்கு யாரு மேலயாச்சும் சந்தேகமுங்களா?

— சித்தப்பா மேலீங்க. சிவக்குமார்னு, அப்பாவோட கூடப் பொறந்த தம்பி. அன்னைக்குத் தோட்டத்துல இருந்தது எங்க ஊட்டு ஆளுக மட்டுந்தான். அவரு கையிலதான் எப்பவும் போன் இருக்கும். அதனால அப்பா அவருன்னே முடிவு பண்ணீட்டாரு. ரெண்டு ஊட்டுக்கும் நடுவுல ஒரு செவுருதான், ரெண்டு வருசமாப் பேச்சில்ல. இன்னைக்கு நீங்க வர்றதக்கூட அவருக்குச் சொல்லல.

— அவருதான் எடுத்தாரா?

— இல்லீங்க.

— அவ்வளவு உறுதியாச் சொல்றீங்க?

— சித்தப்பா அன்னைக்கு அப்பாகூட நின்னு வாழையத் தூக்கிட்டிருந்தாரு. அவரு கண்ணுலயும் தண்ணி.

— அப்பறம் என்னங்க? எடுத்தவன் பேரு தெரிஞ்சா அண்ணன் தம்பி ஒன்னாயிருவாங்க. நான் பண்ணுன பாவத்துக்கு இதாச்சும் செய்யறேன். பேரப் பாத்து, நேராப் போயி மாமா கையிலயே போனக் குடுத்தர்றேன். எந்த மாசமுங்க அது? சித்திரையா?

— போன உள்ள வைங்க.

— இருங்க, மேல தள்ளுனா வந்துரும். பயப்படாதீங்க, அவன் எவனா இருந்தாலும் நான் பாத்துக்கறேன்.

— வைங்கன்னு சொல்றனில்லீங்க.

— ஏனுங்க, போனப் புடுங்கறீங்க?

— உங்களையே கட்டிக்கறேன். இப்பவே வெளிய போயிச் சம்மதம்னு சொல்லீர்றேன். அத மட்டும் அழிச்சிருங்க.

— அகல்யா, என்ன பேசறீங்க நீங்க? கைய உடுங்க. இந்தா, வந்துருச்சு. போட்டோ இல்லாத ஐடி. கீழ என்னமோ நீளமா எழுதியிருக்குது.

— படிக்காதீங்க. உங்களக் கும்புட்டுக் கேக்கறேன்.

— 'அண்ணா, இது எங்கப்பாங்கண்ணா. நான் அவரு பொண்ணு, அவருக்குத் தெரியாம நாந்தான் எடுத்தேன். ரெண்டு நாளாச் சோறு திங்கல. உங்க பேஜ நெறையப் பேரு பாக்கறாங்க, நட்டஈடு குடுக்கற பெரிய ஆபீசர் யாராச்சும் கண்ணுல படற மாதிரி போட்டு உடுங்கண்ணா.'