சாகாத வேசம்

— தேத்தண்ணி ஆறுது... குடியுங்கோவன்.

— குடிக்கிறன். ராணி, டொக்டர் சொன்னதைத் திரும்ப ஒருக்காச் சொல்லு.

— எத்தினை தரம் சொல்லுறது? வயித்திலை அல்சர். குளிசை எழுதித் தந்து, வாங்கியும் வந்தாச்சு. பிறகு ஊசியும் போடுவினமாம்.

— அவ்வளவு நேரம் பிரெஞ்சிலை கதைச்சியள்... ஒரு அல்சருக்கோ?

— நீங்கள் பாசை படிச்சிருந்தால் நான் ஏன் தொண்டை கிழியக் கதைக்கிறன்? ரோமை விட்டிட்டு என்னைக் கட்டி பாரிசுக்கு வந்து எத்தினை வருசம்! ‘பொஞ்சூர்’ தாண்டேல்லை.

— லாச்சப்பலிலை தமிழ்க்கடை, தமிழ்ச் சனம்... வீட்டிலை நீ. பிறகேன் பிரெஞ்சு?

— பகிடியை விடுங்கோ. லாராவுக்கு என்ன சொன்னனீங்கள்?

— எந்த லாரா?

— நடிக்காதேங்கோ! ரோமிலை இருந்து படத்துக்குக் கேட்ட டைரக்டர் பிள்ளை. ஓம் எண்டு சொல்லுங்கோ.

— ஆர்... நீயோ சொல்லுறாய்? என்ரை ஒரு படத்தையும் முடியும்வரை பார்க்காத ஆள்!

— முடியும்வரை நீங்கள் இருந்தால்தானே பார்க்க! வந்த கையோடை ஆராவது சுட்டுப்போடுவான்.

— ஒண்டிலை கடலுக்கை தள்ளினவங்கள்.

— வாயைத் திறந்தால் வேறை ஆரோ இத்தாலிக்காரன்ரை குரல். பேராவது ஒழுங்காய்ப் போட்டவங்களே? அருட்பிரகாசத்தை ஆர்த்தூரோ ஆக்கிப்போட்டாங்கள்!

— மெல்ல... பெர்தொனே தெரு முழுக்கக் கேக்கப்போகுது.

— கேக்கட்டும். இந்தப் படத்திலையெண்டால் உங்கடை குரல், அதுவும் தமிழ் எண்டு சொன்னனீங்களெல்லோ?

— ஓம்... கடைக்காரக் கிழவன் வேசம். கடைசிவரைக்கும் சாகேல்லை. என்ரை வாழ்நாளிலை இதுதான் முதல்தரம்.

— பிறகென்ன? சித்திரையிலைதானே படம் எடுக்கினம்... அதுக்கிடையிலை சுகமாயிடும்.

— சித்திரை...

— நானும் கூட வாறன். ரோமைக் காட்டுங்கோவன் எனக்கும்.

— ஒருநாளும் இல்லாத பட்சமாக் கிடக்கு... ஏன் கண் கலங்குது?

— வடையிலை பச்சைமிளகாய்...

— வடை என்ரை தட்டிலையெல்லோ கிடக்கு. நீ இன்னும் ஒண்டும் தின்னேல்லை.

— ஐயோ... இப்பவே லாராவுக்கு ஃபோன் அடியுங்கோ. எனக்கு முன்னாலை அடியுங்கோ!

— அடிச்சிட்டன். நீ ஃபார்மசிக்குப் போன நேரம்.

— அப்பாடா... என்ன சொன்னவ?

— அழுதவ. ஏலாது, வேறை ஆளைப் பாருங்கோ எண்டிட்டன்.

— விசரே உங்களுக்கு? இதுக்குத்தானே ஆயுள் முழுக்கக் காத்திருந்தனீங்கள்! ஏனப்பா... ஏன்?

— கான்சர் பரவிறதுக்கு டொக்டர் ஒரு சொல் சொன்னவர்... மெத்தாஸ்தாஸ் எண்டு. இத்தாலியனிலையும் கிட்டத்தட்ட அதே சொல்லுத்தான், ராணி.