சீனி போடாத பிளேன்ரீ

எனக்குச் சீனி போடாத பிளேன்ரீ, வெறும் தேத்தண்ணி போதும், சேர். பல வருடமாய் நீரிழிவு. சீனிப் போத்தலைத் தொட்டாலே என் மனைவி யோகேஸ்வரி முறைப்பாள். மறதி நோயில் பிள்ளையின் பெயர் போன பிறகும் அவளுக்கு இது மட்டும் மறக்கவில்லை.

போன மாதம் எங்கள் வெள்ளவத்தைத் தொடர்மாடியில் இறந்துபோன புஷ்பராஜைப் பற்றித்தான் சொல்ல வந்தேன். காய்ந்த உடுப்பை எடுக்கும்போது தவறி விழுந்தார் என்று அன்று நான் சொன்னதை நீங்கள் பொலிஸ் புத்தகத்தில் எழுதிக்கொண்டீர்கள்.

யோகேஸ்வரியைக் குளிப்பாட்டியது, ஊட்டியது, கழுவியது எல்லாம் நான்தான். அவளுக்கு நான் யாரோ. ஒரு நாள் வாடகைக்காரன் என்பாள், மறுநாள் கள்ளன் என்பாள். கனடாவிலிருந்து மகள் ரஜனி, "அப்பா, உங்களுக்கும் ரெஸ்ட் வேணும். ஒரு ஆளை வையுங்கோ" என்று விடாமல் கரைச்சல் கொடுத்தாள். வைத்தேன். புஷ்பராஜ் ஹட்டன் பக்கத்து ஆள், ஜிந்துப்பிட்டியில் குடியிருந்தவர், நாற்பது வயது இருக்கும். நல்ல மனிதர். அதைக் குறைத்துச் சொல்ல மாட்டேன்.

வந்த கொஞ்ச நாளிலேயே யோகேஸ்வரி அவரைப் பார்த்து, "வந்திட்டீங்களோ? ஏன் இவ்வளவு நேரம்?" என்றாள். அவரை நானென்று நினைத்துவிட்டாள்; அந்த வயதில் நானும் அப்படித்தான் இருந்திருப்பேன். "நான் வேலைக்கு வந்தவங்கம்மா" என்று அவர் சொல்லிப் பார்த்தார். அவள் அழுதாள். பிறகு அவர் திருத்தவில்லை. அவர் இருந்தால் சாப்பிட்டாள், தூங்கினாள், கண்ணாடி முன் நின்று தானே பொட்டு வைத்தாள். ரஜனிக்குச் சந்தோஷம். எனக்கு ஓய்வு கிடைத்தது. அந்த ஓய்வில் கதிரையில் உட்கார்ந்து, அவர்கள் சிரிப்பதைக் கேட்டுக்கொண்டிருந்தேன். வயிறு எரிந்தது, சேர்.

அன்று பின்னேரம் புஷ்பராஜ் பக்கத்தில் நிற்க, அவளே தேநீர் ஊற்றிக் கொண்டுவந்தாள். ஒரு கோப்பையை எனக்குத் தந்தாள். இனித்தது. மற்றதை அவர் கையில் கொடுத்து, "இவருக்குச் சீனி கூடாது" என்றாள்.

"மன்னிச்சுக்கங்க ஐயா, மாத்திக்கலாம்" என்றார் அவர். நான் குடித்து முடித்தேன்.

பிறகு அவர் பின்பக்கப் பல்கனியில் எட்டி உடுப்பு எடுத்துக்கொண்டிருந்தார். குசினியில் சும்மா கிடந்த அம்மிக் குழவியால் பின்மண்டையில் அடித்தேன். பல்கனிக் கம்பியில் சரிந்தார். காலைத் தூக்கித் தள்ளினேன். ஆனால் கம்பியைப் பிடித்துக்கொண்டு வெளியே தொங்கினார். "ஐயா, புள்ளைங்க இருக்கு" என்றார். விரல்களின் மேல் அடித்தேன். எலும்பு நொறுங்கியது கேட்டது. ஒரு கை விட்டது. மற்றக் கைக்குக் கொஞ்சம் நேரம் எடுத்தது. நாலு மாடி விழுந்தவரின் உடம்பில் எது எந்தக் காயம் என்று யார் பிரித்துப் பார்ப்பார்கள்?

திரும்பினேன். யோகேஸ்வரி வாசலில் நின்றாள். உள்ளங்கையால் பொட்டை அழித்துக்கொண்டிருந்தாள்.

உங்களிடமும் அவள் சொன்னாள், "இவன்தான் என்ர மனுசனைத் தள்ளி விழுத்தினவன்" என்று. நீங்கள் என் தோளில் தட்டி, உடம்பைப் பார்த்துக்கொள்ளச் சொன்னீர்கள்.

புஷ்பராஜின் மனைவி ஜீவராணி அவருடைய உடுப்புப் பையை எடுக்க வந்தாள். அவள் நெற்றியும் வெறுமை. அதை என்னால் பார்க்க முடிந்தது. என் மனைவியின் நெற்றியைத்தான் பார்க்க முடியவில்லை. தினமும் காலையில் பொட்டு வைத்துவிடுகிறேன். தினமும் அழிக்கிறாள். எல்லாவற்றையும் மறக்கிறவளுக்கு இது மறக்கவில்லை. "நான்தானம்மா உன்ர மனுசன், உயிரோடதான் இருக்கிறன்" என்றால் நடுங்கி மூலைக்குள் ஒதுங்குகிறாள்.

எழுதுங்கள், சேர். கொன்றது நான். செத்தது புஷ்பராஜ். எங்கே வேண்டுமானாலும் கையெழுத்து வைக்கிறேன். அதற்கு முன் யூனிஃபோர்மோடு ஒருமுறை வீட்டுக்கு வந்து, செத்தது அவள் புருஷன் இல்லை என்று அவளிடம் சொல்லுங்கள். நீங்கள் சொன்னால் நம்புவாள். அவள் திரும்பப் பொட்டு வைத்துவிட்டால், இதில் யாருக்கும் ஒரு குறையும் இல்லை.