முப்பதாவது கார்டு

— உங்கள ஆருங் மேடம் பஸ் ஏறச் சொன்னது? உங்க வண்டி ஆட்டையாம்பட்டி ஸ்டாண்டுலயே நிக்குதுங்.

— நிக்கட்டும்க்கா. திருச்செங்கோடு போய்ச் சேர முக்கா மணி நேரம் ஆகும்ல. அதுக்குள்ள நான் பேச வேண்டியதப் பேசிடறேன். கேட்டுட்டு அப்புறம் என்ன வேணாலும் செய்ங்க. ஓகேவா?

— வகுப்புல கேக்கற மாதிரியே கேக்கறீங். அங்கன்னா முப்பது பேரும் சேந்து "ஓகே மேடம்"னு கத்துவோம். இங்க நானொருத்திதான் இருக்கறேன். சொல்லுங்.

— மூணு வாரமா வேலைக்கே போகலையாமே. என் போனையும் எடுக்கல. பாத்தீங்கன்னா, சேலத்துல அடுத்த திங்கக்கிழமை புது பேட்ச் ஆரம்பிக்குது. இருபத்தாறு பேரு. அத்தனை பேரும் உங்கள மாதிரியே தறிப்பட்டறை மூடி வேலை போனவங்க. "நாடா புடிச்ச கை மசாஜ் புடிக்குமா"ன்னு பயந்துட்டு நிக்கறாங்க. அவங்க முன்னாடி உங்கள நிறுத்தணும்னு நெனச்சிருக்கேன். சும்மா இல்ல, பயிற்சியாளராவே.

— நானா பாடம் நடத்தறதுங்?

— ஏன் கூடாது? லெவல் ஒன், லெவல் டூ ரெண்டும் முடிச்சிருக்கீங்க. ஒத்தடம், எண்ணெய் தேய்ப்பு, நீராவி, எல்லாம் அத்துப்படி. மஞ்சுளாக்கா மாதிரி கை என் பேட்ச்ல ஒருத்தருக்கும் வாய்ச்சதில்லைன்னு ஊரெல்லாம் நானே சொல்லிட்டுத் திரியறேன்.

— தேவிப்ரியா மேடம், எங்க மசாஜ் மையத்துல இருந்து சௌந்தர்யா போன் பண்ணித்தான நீங்க ஓடியாந்தீங்க? பேட்ச் கீட்ச்னு சுத்தி வளைக்காதீங்.

— ... ஆமாங்க்கா. அவதான் சொன்னா. நீங்க முத்தாயம்மாவப் பாக்கப் போறீங்க, அவங்ககிட்ட ஏதோ சொல்லப் போறீங்கன்னு. அந்தப் பொண்ணுக்கும் அரைகுறையாத்தான் தெரிஞ்சிருக்கு. என்னக்கா சொல்லப் போறீங்க?

— நடந்தத.

— மடியில என்ன பை?

— ஆட்டையாம்பட்டி முறுக்குங். எங்கூர்ல இருந்து வெறுங்கையோட போவ முடியுமாங்?

— மருந்து ஏத்திக்கிட்டு இருக்கறவங்களுக்கு முறுக்காக்கா? வாயெல்லாம் புண்ணா இருக்கும். தண்ணி குடிக்கவே எரியும்பாங்க.

— அட, ஆமாங். எனக்கு அது தோணவே இல்ல பாருங். ரெண்டு வருசம் வாரா வாரம் அந்தம்மா ஒடம்பத் தொட்டவ நானு. வாய்ப்புண்ணு இருக்கும்னு நெனைக்கத் தெரியல.

— முத்தாயம்மா உங்ககிட்ட மட்டும்தான் தேச்சுக்குவாங்களாமே?

— ஆமாங். ரிக்கு வண்டிக்காரரு ஊட்டம்மா. மூணு போர்வெல் வண்டி ஓடுது. வடநாடெல்லாம் போவுது. ஆனா அந்தம்மா எங்க மையத்துக்குள்ளார வந்தா, செருப்பக் கழட்டிப் போட்டுட்டு, "மஞ்சு, தோளு எரியுது புள்ள"ன்னு கொழந்தையாட்டம் குப்புறப் படுத்துக்கும். படுத்தா வாய் ஓயாதுங், ஒரே நாயந்தான். மருமவளப் பத்தி, சம்பந்தியப் பத்தி. தேச்சு முடிக்கறப்ப கொறட்டை உட்டுட்டு இருக்கும்.

— சரிக்கா. நடந்தது என்ன? எனக்கு முழுசாச் சொல்லுங்க.

— போன ஆடி மாசமுங். அன்னிக்கு எடது கைய மேல தூக்கி வெச்சு, தோளுல இருந்து அக்குளு வரைக்கும் இழுத்து உட்டுட்டு இருந்தேன். கை நின்னு போச்சு.

— நின்னு போச்சுன்னா?

— தறியில பதினெட்டு வருசங் மேடம். ஓடற நூல்ல ஒரு முடிச்சு வந்தா கண்ணு பாக்கறதுக்கு மிந்தி கை நின்னுரும். நாம நிறுத்தறதில்ல. அதுவே நின்னுரும். அப்படித்தான் நின்னுச்சு. புளியங்கொட்டையாட்டம் ஒண்ணு. அமுக்கினா நகரல. "வலிக்குதுங்களா"ன்னு கேட்டேன். "இல்ல புள்ள, நல்லாத்தான் இருக்குது, நீ தேயி"ன்னுது.

— நீங்க அப்பவே சொல்லலையா?

— வாய் வரைக்கும் வந்துதுங். லெவல் ஒன்னு பரிச்சை ஞாபகம் வந்துருச்சு.

— அக்கா, அது வேற.

— வேற இல்லீங் மேடம். அன்னிக்குப் படுக்க வெச்ச ஆளு காலு வீங்கிக் கெடந்துது. "ஏனுங்க, சக்கரை பாத்தீங்களா, இந்தக் கால ஒருக்கா டாக்டருகிட்டக் காட்டுங்"ன்னு சொன்னேன். பதினஞ்சு மார்க்கக் கொறச்சுட்டீங். வகுப்புல நிறுத்தி வெச்சுச் சொன்னீங். "நோய் சொல்றதுக்கு நாம டாக்டர் இல்ல. கிளையன்ட் இங்க நிம்மதி தேடி வர்றாங்க. பயத்தக் குடுத்து அனுப்பாதீங்க. கை பேசணும், வாய் பேசக் கூடாது. கண்டத கிளையன்ட் கார்டுல எழுதுங்க." எல்லாரும் சிரிச்சாங். "தறிக்காரி வைத்தியம் பாக்கறா"ன்னு ஒருத்தி சொன்னா. நீங்களும் கொஞ்சம் சிரிச்சீங்.

— டாக்டர்கிட்ட அனுப்பணும்னு நோட்ஸ்ல இருக்குதுக்கா. சூப்பர்வைசர் மூலமா.

— நோட்ஸ்ல இருக்குதுங். மார்க்கு போனது வாயாலங். அதனால நானு கார்டுல எழுதினேன். மொத தடவையா எல்லாக் கட்டமும் நெறஞ்ச கார்டு அது. மத்ததெல்லாம் "தோள் வலி, இறுக்கம், எண்ணெய் இன்னது"ன்னு ரெண்டு வரி. இதுல பக்கம், அளவு, அமுக்கினா நகரல, வலி இல்லைங்கறாங்க, எல்லாம் எழுதினேன். எழுதி முடிச்சு...

— சொல்லுங்க.

— சொல்றதுக்குத்தான் நாக்கு வர மாட்டீங்குது. சந்தோசப்பட்டேங் மேடம்.

— என்னக்கா சொல்றீங்க?

— கட்டியக் கண்டு ஒரு நொடி சந்தோசப்பட்டேன். விடிஞ்சா, மக்யா நாளு, லெவல் டூவுக்குப் பைலு குடுக்கணும். தேச்சு உட்ட ஆளுங்களோட கார்டு முப்பது கேட்டீங். என்றகிட்ட இருவத்தொம்பதுதான் சேந்திருந்துது. முப்பதாவதுக்கு என்ன பண்றதுன்னு ரெண்டு நாளா வெசனம். இந்தக் கார்டு வந்ததும், "அப்பாடா, ஒண்ணு ஆச்சு"ன்னு மனசுக்குள்ளார வந்துருச்சு. பதினெட்டு வருசத் தறியில ஒரு பாவமும் பண்ணாத மனசுங் இது.

— கார்ட சூப்பர்வைசர் பாத்திருக்கணுமே.

— அன்னிக்கு அவரு லீவு. காலையில கார்டு உங்க பைலுக்கு வந்துருச்சு. மையத்து அலமாரியில இருந்து உருவினவ நாந்தான். அடுத்த வாரம் அந்தம்மா வந்தப்ப, பழைய கார்டக் காணோம்னு புதுசாப் போட்டாங். அதுல "தோள் வலி"ன்னு மட்டும் இருந்துது. கட்டி எழுதின ஒரே எடம் சேலத்துல உங்க பீரோவுல கெடந்துது.

— அப்புறம் நீங்க அவங்கள தொடவே இல்லையா?

— அதுக்குள்ள நானு பாஸாயிட்டேனே. பேரு பின்னால ஒரு பட்டம் வந்துருச்சு. தலைமைத் தெரபிஸ்ட்டுன்னு மேசையில உக்கார வெச்சுட்டாங். புள்ளைங்களுக்கு நேரம் போட்டுக் குடுக்கறது, துண்டு எண்றது, போன் எடுக்கறது. அந்தம்மாவ சௌந்தர்யாகிட்ட உட்டாச்சு. புது புள்ள, கை இன்னும் பழகல, அதுக்கு ஒண்ணும் தட்டுப்படல. அந்தம்மா போறப்ப வாரப்ப கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்து கைய ஆட்டும். நானும் ஆட்டுவேன்.

— ஒரு நாளும் ஞாபகம் வரலையா?

— வரல. அதுதான் மேடம். பயந்து மறைச்சிருந்தாக்கோட ஒரு கணக்கு இருக்கும். நான் மறந்துட்டேன். கார்டுல எழுதியாச்சுங்கற நெனப்பு. எழுதினது சொன்ன மாதிரின்னு மனசு எடுத்துக்கிச்சு.

— எப்பத் தெரிஞ்சுது?

— தை மாசம். குளிக்கறப்ப அந்தம்மாவே பாத்திருக்குது. கோயமுத்தூர் கூட்டிட்டுப் போயிருக்கறாங். மாரெடுத்துட்டாங். ஆறு மாசம் மிந்தி வந்திருந்தா இத்தனை அறுக்க வேண்டியதில்லன்னு டாக்டரு அவங்க மவன்கிட்டச் சொன்னாராம். மவன் கதிர்வேலு எங்க மையத்துக்கே வந்து, கட்டின பணத்துக்கு மீதி வாரம் இருந்தா வேற ஆருக்காச்சும் குடுத்துருங்கன்னு சொல்லிட்டுப் போனான். எவ்வளவு மருவாதியாச் சொல்லிட்டுப் போனான் தெரியுமுங்களா?

— அந்த ஆளப் பத்தித்தான் நான் சொல்ல வந்தேன்க்கா. அவரு கோவக்காரரு. நீங்க போய், எனக்கு ஆடியிலயே தெரியும்னு சொன்னா சும்மா விடுவாரா? மையத்த இழுத்து மூடுவாங்க. கேசு போடுவாங்க. பயிற்சி நடத்தற எங்களையும் விட மாட்டாங்க. அந்த இருபத்தாறு பேரு? அவங்க என்ன பாவம் பண்ணுனாங்க? பாத்தீங்கன்னா, ஒரு பட்டறை மூடி வீதிக்கு வந்தவங்கள இன்னொரு தடவ வீதிக்குத் தள்ளறோம்.

— கிளைன்டு பயந்துரக் கூடாது. மையத்துக்குப் பேரு கெட்டுரக் கூடாது. வாயத் தொறக்கக் கூடாது. இன்னிக்கும் அதே பாடந்தான் நடத்தறீங் மேடம்.

— சொல்றதால கட்டி திரும்பிப் போயிடுமாக்கா?

— போவாதுங்.

— அவங்களுக்கு நிம்மதி வருமா? இப்ப விதின்னு நெனச்சுட்டுப் படுத்திருக்காங்க. நீங்க போய், விதி இல்ல, நாந்தான்னு சொன்னா, அந்த வலியும் சேர்ந்துக்கும். உங்க பாரத்த எறக்கறதுக்கு அவங்க தோளக் கேக்கறீங்க.

— ... அது நெசமுங். மூணு வாரமா அதேதான் நானும் நெனச்சேன். அதனாலதான் போவல. முந்தாநேத்து அந்தம்மா போன் பண்ணுச்சு.

— முத்தாயம்மாவேவா?

— கொரல் கெணத்துக்குள்ளார இருந்து வாராப்பல இருந்துது. "ஏம் புள்ள மஞ்சு, எட்டியே பாக்கலையே, சீக்குக்காரின்னு ஒதுக்கிட்டியா"ன்னுது. கை வீங்கி இருக்குதாம். நீ வந்து லேசாத் தடவி உட்டாப் போதும், வேற ஆரு கையும் எனக்கு ஆவலைன்னுது. நானு ஒண்ணும் பேசல. பொறவு அதுவே சொல்லுச்சு. "எத்தனை தடவ நீ தேச்சுருக்கற, உன்ற கைக்குக் கோடத் தட்டுப்படல பாரு. அத்தனை கள்ளத்தனமா ஒளிஞ்சு கெடந்திருக்குது சனியன். நீ மனசுல வெச்சுக்காத சாமி"ன்னு.

— ஐயோ.

— என்னைத் தேத்துதுங் அது. முடியெல்லாம் கொட்டிப் படுத்துட்டு என்னைத் தேத்துது. அந்த வீங்கின கையில நானு எண்ணெயத் தொட்டு வெக்கணுமாங்? வாய மூடிட்டு? நீங்க சொன்னீங்களே, கை பேசணும்னு. இந்தக் கை இனி அந்தம்மாவத் தொட்டா பொய்தான் பேசும். சொல்லிட்டு, அதுக்கப்புறம் தொடச் சொன்னாத் தொடறேன். வெளிய போடின்னா போறேன்.

— அக்கா...

— உங்களையோ மையத்தையோ ஒரு வார்த்தை சொல்ல மாட்டேன். அதுக்குத்தான பயந்து ஓடியாந்தீங்? பயப்படாதீங். மார்க்கு, பரிச்சை, பைலு, எதுவும் சொல்ல மாட்டேன். "எனக்குத் தட்டுப்பட்டுதுங், நான் சொல்லல." ரெண்டே வார்த்தை. சொல்றதுக்கு லேசா இருக்கறதுக்கு ஒரு காரணமும் இருக்குது.

— என்ன?

— இந்தத் தப்புல வேற ஆருக்கும் கூட்டு இல்லீங். அந்தப் பைல ஆரும் பிரிச்சே பாத்திருக்க மாட்டாங். முப்பது பேரு, ஆளுக்கு முப்பது கார்டு. தடிமனப் பாத்து பாஸ் போட்டிருப்பீங். ஒரு மனுசர் கண்ணு பட்டிருந்தா, "மஞ்சுளா, இந்தம்மாவ டாக்டருகிட்டக் கூட்டிப் போனீங்களா"ன்னு ஒரு போனாச்சும் வந்திருக்குமே. அதனால தப்பு முழுசும் என்னோட நிக்குது. அது ஒரு ஆறுதல்... ஏனுங் மேடம், மூஞ்சி ஏன் இப்படிப் போச்சு? பஸ்ஸு ஒத்துக்கலையாங்? இந்தாங், தண்ணி குடிங்.

— வேண்டாம்க்கா. நீங்க தனியாப் போகாதீங்க, நானும் வர்றேன். அந்தக் கார்டுக்குப் பத்துக்குப் பத்து போட்டது நாந்தான். பேரு மட்டும் தெரியக் கூடாதுன்னு அதுமேல வெள்ளக் காகிதம் ஒட்டி, "கார்டுன்னா இப்படி எழுதணும்"னு மூணு பேட்ச்சுக்குத் திரையில போட்டுக் காட்டியிருக்கேன். தொண்ணூறு பேரு பாத்து எழுதிக்கிட்டாங்க. அப்புறம் அந்தம்மாவுக்கு என்ன ஆச்சுன்னு ஒருத்தர் கேக்கலக்கா, நானும் கேக்கல.