மாரிச்செல்வம் எடுத்துவிட்ட பாட்டு

தலைமைப் பொறுப்பேற்றுத் தாயுள்ளத்தோடு வீற்றிருக்கும் பனியன் கம்பெனி உரிமையாளர் திருமூர்த்தி அவர்களே! பெருமைக்குரிய பெரியவர்களே! ஷிப்டு முடிந்து முகம்கூடக் கழுவாமல் ஓடிவந்திருக்கும் என் தாய்மார்களே! பந்தல்தோறும் எங்கள் குழுவுக்குக் கைதட்டிய நல்லூர் மக்களே! சித்ராதேவியின் வணக்கத்தை ஏற்றுக்கொள்ளுங்கள்.

என்ன? "ஏனுங்க்கா, ஒரு பாட்டுப் பாடுங்க" என்கிறீர்களா? இருபது ஆண்டுகள் பாடியாயிற்று கண்ணு. இன்று பேச வந்திருக்கிறேன்.

இன்றைய விழா நாயகன் மாரிச்செல்வம் யார்? அருப்புக்கோட்டையிலிருந்து பிழைப்புக்கு வந்தவர். பகலெல்லாம் கட்டிங் மாஸ்டர். மாலையில் எங்கள் ஆர்கெஸ்ட்ராவின் தலைவர். அவர் அஞ்சியது ஒன்றுக்குத்தான்: அமைதிக்கு! கணியூர்க் கல்யாணத்தில் கரண்ட் போனது. கூட்டம் எழுவதற்குள் டோலக்கை மடியில் இழுத்தார். ஒரு மணி நேரம் ஓயாமல் வாசித்தார். விரல் வீங்கியது, ஒருவர்கூட எழவில்லை!

அவருக்கு ஒரு படத்துக்கு இசையமைக்கும் வாய்ப்பு வந்தது. இயக்குநர் கவிப்பிரியா நம் ஊர்ப் பெண். படத்தில், ஆறு ஆண்டுகளுக்குமுன் வீட்டைவிட்டுப் போன மகள் திரும்பி வருகிறாள். தாய் கதவைத் திறக்கிறாள். அந்த இடத்துக்கு ஒரு பாட்டு. மாரிச்செல்வம் மெட்டுப் போட்டு, சென்னைக்குக் கூட்டிப்போய் என்னைப் பாடவைத்தார். நாற்பத்தெட்டு வயதில் முதல் சினிமாப் பாட்டு! யாரிடம்தான் சொல்லவில்லை நான்?

படம் வெளிவரப் பத்து நாள் இருக்கையில் என் வீட்டு வாசலில் வந்து நின்றார்.

"அக்கா, ஒங்க பாட்ட எடுத்துட்டேன்."

"டைரக்டர் சொன்னாங்களா?"

"இல்லக்கா. அவங்க இருக்கட்டும்னுதான் சொன்னாங்க. நாந்தான் எடுத்தேன்."

"நான் சரியாப் பாடலையா?"

"ரொம்ப நல்லாப் பாடிட்டீங்க. எல்லாரும் ஒங்க குரலத்தான் கேப்பாங்க. அந்தத் தாய் மூச்சு விடுறது கேக்காதுக்கா."

பழியை இயக்குநர்மேல் போட்டிருக்கலாம். போடவில்லை. நான் கதவைச் சாத்தினேன். அவர் அழைத்தபோதெல்லாம் போனை எடுக்கவில்லை. கோபமா? கோபம்தான். அவமானமா? அதுவும்தான்!

என்னோடு தைக்கும் தெய்வாத்தாள்தான் விடவில்லை. "டிக்கெட் எடுத்தாச்சுங்க, வாங்க" என்று கையைப் பிடித்து இழுத்துப் போனார்.

கதவு திறந்தது. வயலின் இல்லை, புல்லாங்குழல் இல்லை, என் பாட்டும் இல்லை. தாய் மகளைப் பார்த்தாள். மூச்சை இழுத்தாள்; விட்டாள். தட்டை எடுத்துவைத்துச் சோறு போட்டாள். அரங்கத்தில் ஓர் இருமல் இல்லை! பக்கத்தில் தெய்வாத்தாள் முந்தானையைக் கடித்துக்கொண்டு அழுதார். நான் என் குரலை அங்கே வைத்துப் பார்த்தேன். வைக்க இடமே இல்லை.

தான் போட்ட மெட்டை, தானே பாடவைத்த பாட்டைத் தன் கையாலேயே எடுக்க எத்தனை துணிவு வேண்டும்? அதைப் பாடியவளின் வாசலுக்கே வந்து சொல்ல இன்னும் எத்தனை துணிவு வேண்டும்?

படம் பார்த்த பிறகும் வெட்கம் என்னைத் தடுத்தது. தம்பி மாரிச்செல்வம்! நாற்பது நாளாக உன்னிடம் சொல்லாததை ஊரறியச் சொல்கிறேன். அந்த இடத்தில் நான் பாடியிருக்கக் கூடாது. நீ செய்ததுதான் சரி. கண்ணைத் துடைத்துக்கொண்டு மேலே வா. விழாத் தலைவர் அனுமதித்தால், இந்தச் சால்வையை நான் போர்த்துகிறேன்.

இவ்வளவு நேரம் செவி கொடுத்த உங்களுக்கு நெஞ்சு நிறைந்த நன்றி. எல்லோரும் நலமாய் வீடு சேருங்கள். வணக்கம்.