தூக்கின கை

இல்ல ஆபீசரம்மா, கையெழுத்துப் போட மாட்டேன். துறைமுக வாசல்ல எனக்குச் சிலை வைக்க என் சம்மதம் வேணும்னுதானே வந்தீங்க? அது கிடைக்காது. டீயைக் குடிங்க, ஆறுது.

தன்னடக்கமா? எனக்கா? நல்லாக் கேட்டீங்க போங்க.

உங்க துறைமுக வரலாறு புஸ்தகத்தைப் படிச்சேன். நல்ல தாளு. ராஜாவுக்கு நாலு பக்கம், கம்பெனிக்கு ஆறு பக்கம், மூட்டை தூக்கினவனுக்கு ஒரு வரி, அதுலயும் எழுத்துப்பிழை. கடல்ல கல்லைப் போட்டவன் பேரு எவனுக்கும் தெரியாது, கல்லுல பேரைப் போட்டவன் பேருதான் நிக்கும். படகுக்காரன் தெரு, மூட்டைக்காரன் தெரு, குமாஸ்தா தெருன்னு மூணு தெரு. ஒருத்தன் டீக்கடையில இன்னொருத்தன் உக்கார மாட்டான். துண்டுப் பிரசுரம் கொடுத்தா மூக்கைத் துடைச்சுக்குவான். அவனுங்களை ஒண்ணாக் கத்த வைக்க எனக்கு எட்டு வருஷம் ஆச்சு. கடைசியில ஒண்ணே ஒண்ணுதான் மண்டையில ஏறுச்சு: நான் முஷ்டியைத் தூக்கினா, கையில இருக்கிறதைப் போட்டுட்டு அவனும் தூக்கணும்.

ஆமா, நான் முஷ்டியைத் தூக்கி நிக்கிற அந்த ஃபோட்டோதான். கப்பலை எடுக்க வந்தவன் என்னை எடுத்துட்டான். போராட்டத்தோட முதல் நிமிஷம்னு கீழ போட்டிருக்கீங்க. மூக்கு கொஞ்சம் பெருசாத் தெரியுது, போகட்டும்.

அப்போ எனக்கு என்ன வேலைன்னு நினைச்சீங்க? தலைவரா? தலைவருக்கு எவன் கூலி கொடுத்தான்? நான் கிரேனுக்குச் சைகை காட்டுறவன். மேல உக்காந்திருக்கிறவனுக்குக் கீழ நடக்கிறது தெரியாது, என் கைதான் அவனுக்குக் கண்ணு. விரலை ஆட்டினா இறக்கு. முஷ்டியை மூடித் தூக்கினா நிறுத்து.

அதேதான். ரெண்டும் ஒரே கை. அத்தனை பிரசுரம் படிச்ச எனக்கு அது உறைக்கல.

அன்னைக்குச் சுமை கட்டின கயிறு நழுவிச்சு. கீழ ஒருத்தன் குனிஞ்சுக்கிட்டு நின்னான். நிறுத்துன்னுதான் தூக்கினேன். மேல இருந்தவன் நம்ம தோழன், சொன்ன சொல் தட்டாதவன். ஓட்டைக் கிரேன், பிரேக்கைக் கையாலயே அழுத்திப் பிடிச்சுக்கிட்டே இருக்கணும். அதை விட்டுட்டு அவனும் முஷ்டியைத் தூக்கிட்டான். சுமை கீழ நின்னவன் மேல விழுந்துச்சு.

அப்புறம் நடந்தது உங்க புஸ்தகத்துல சரியாத்தான் இருக்கு. பிணத்தைப் பார்த்த மூணு தெருவும் நாப்பது நாள் வேலைக்குப் போகல. எட்டு மணி நேர வேலை வந்துச்சு. கம்பெனிதான் கொன்னுச்சுன்னு மேடையேறிச் சொன்னது நான். ஓட்டைக் கிரேன் கம்பெனிக்காரனுதுதானே, முழுப்பொய் இல்ல.

கீழ நின்னவனா? என் மச்சான், வீட்டுக்காரியோட தம்பி. அந்த ஃபோட்டோவைத் தினமும் துடைச்சு வைக்கிறவ அவ. கொஞ்சம் மெதுவாப் பேசுங்க, அடுத்த ரூம்லதான் இருக்கா.